முப்பத்தேழாவது நாற்காலி

நாற்காலி சூடாக இருந்தது.

வெயில் பட்ட சூடு இல்லை. ஜன்னல்கள் மூடிக் கிடந்தன. அந்த மூலையை வெயில் எட்டிப் பார்த்தே பதினோரு வருஷம் ஆகியிருக்கும். பேருந்தில் ஒருவர் எழுந்து இறங்கிய இடத்தில் நாம் உட்காரும்போது தட்டுப்படுமே, கொஞ்சம் அருவருப்பான சூடு, அது. சொத்து எண் ஸ்டிக்கர் ஒட்டக் குனிந்த கண்காணிப்பாளர் கையை இழுத்து பேண்ட்டில் துடைத்துக்கொண்டார்.

அரசுச் சொத்து அலுவலகத்தில் அவருக்குப் பூதக்கண்ணாடி என்று பெயர். முகத்துக்கு நேரே யாரும் சொல்வதில்லை. அவர் உள்ளே வரும்போது யாரும் எழுந்து நிற்பதுமில்லை. முன்னதைவிடப் பின்னதுதான் அவரை உறுத்தியது. முப்பத்திரண்டு வருஷ சர்வீஸில் ஒரு பியூன்கூட அவருக்காக முதுகை நிமிர்த்தியதில்லை. "கடவுளே வந்து நின்னாலும் அடையாள அட்டை இருக்கான்னு கேப்பீங்க" என்பாள் மனைவி. அதைப் பாராட்டு என்றே எடுத்துக்கொண்டிருந்தார்.

இது பதினோரு வருஷத்துக்கு முன் மூடிய, பிளாஸ்க் செய்த கம்பெனியின் அலுவலகம். கம்பெனியைக் கலைத்து, விற்க முடிந்ததை விற்று, மிச்சத்தைக் கேட்டு யாரும் வராததால் இந்தக் கட்டிடமும் உள்ளே கிடப்பவையும் இன்றைக்கு அரசாங்கத்தின் தலையில் விழுகின்றன. ஐந்து மணிக்குள் அவர் கையெழுத்துப் போட வேண்டும். படிவத்தின் கடைசி வரி: 'கட்டிடத்தில் ஆள் யாரும் இல்லை என நேரில் பார்த்து உறுதி செய்தேன்.' போன வருஷம் அந்த ஒரு வரியில்தான் சக கண்காணிப்பாளர் ஒருவர் கவிழ்ந்தார். பூட்டிக் கிடந்த கிடங்குக்குள் ஒரு குடும்பமே சமைத்துச் சாப்பிட்டுக்கொண்டிருந்தது. ஓய்வுக்கு எட்டு நாள் இருக்கையில் சஸ்பெண்ட். பூதக்கண்ணாடிக்கு இன்னும் இருபது நாள் பாக்கி.

அடுத்த நாற்காலியைத் தொட்டார். சூடு. அதற்கடுத்தது. சூடு. மேசைகளில் விரல் புதையும் தூசி; இருக்கைகளில் மட்டும் துளி இல்லை. வரிசைக்கு ஆறாக ஆறு வரிசை, முப்பத்தாறும் அப்படியே. கண்ணாடித் தடுப்புக்குப் பின்னால் மேனேஜர் அறையில் இருந்த முப்பத்தேழாவது மட்டும் ஜில்லென்று, தூசிப் போர்வையுடன் கிடந்தது.

கழிவறை, பீரோ, மேசைக்கடி, மொட்டைமாடித் தண்ணீர்த்தொட்டி வரை டார்ச் அடித்துப் பார்த்தார். ஆள் இல்லை. சந்தேகமே இல்லை, வாட்ச்மேன் இடத்தை வாடகைக்கு விடுகிறான். சீட்டுக் கச்சேரியோ, டியூஷனோ. மனதுக்குள் புகார்க் கடிதத்தின் முதல் பத்தி தயாராகிவிட்டது.

கீழே கம்பெனியைக் கலைக்க நியமிக்கப்பட்ட வக்கீல் காரிலேயே உட்கார்ந்திருந்தார்.

"மேல வந்து ஒரு தடவை பாத்துட்டுப் போங்களேன்."

"முட்டி வலி சார்."

"பட்டியல்ல 'நேரில் பார்வையிட்டேன்'னு மூணு தடவை கையெழுத்துப் போட்டிருக்கீங்க. அப்ப முட்டி வலிக்கலையா?"

வக்கீல் கடிகாரத்தைப் பார்த்தார். "மணி நாலே முக்கால் சார்."

வாட்ச்மேனை வாசல் கேட்டுக்குப் பக்கத்தில் மடக்கினார். "மேல யாரை உக்கார வெக்கிற?"

"நான் எங்க சார் உக்கார வெக்கிறேன்? உக்காந்தவங்கதான்." வாட்ச்மேன் தரையைப் பார்த்தபடியே பேசினான். "கடைசி நாள் மேனேஜர் டீ குடிச்சிட்டு வரேன்னு போனாரு. கம்பெனி மூடியாச்சுன்னு ஒரு வார்த்தை சொல்லல. அவர் வந்து சொல்ற வரைக்கும் எழுந்திரிக்க மாட்டோம்னு அத்தனை பேரும் உக்காந்துட்டாங்க."

"அப்புறம்?"

"அப்புறம் எனக்கு ஷிப்ட் முடிஞ்சுது சார்."

நல்லா கதை விடுறான் என்று நினைத்துக்கொண்டார். ஆனாலும் மணி ஐந்தை நெருங்கியது. கெடு தப்பினால் அதற்கும் விளக்கம் கேட்பார்கள். கார் பானட்டின் மேல் படிவத்தை வைத்துக் கையெழுத்துப் போட்டார். பேனா எடுப்பதற்குள் வக்கீல் தன் நகலை உருவிக்கொண்டார். தெரு முனையில் கார் திரும்பிய வேகத்தில் முட்டி வலி தெரியவில்லை. வாட்ச்மேன் சாவிக்கொத்தை நீட்டினான்.

"இனிமே எல்லாம் உங்க பொறுப்பு சார்."

அவன் செருப்புச் சத்தம் தெருவோடு போய்க் கரைந்தது. அப்போதுதான் மேலே கேட்டது. இரும்புக் கால்கள் சிமெண்ட் தரையில் உரசும் சத்தம், ஒன்றல்ல, ஒரே நேரத்தில் ஒரு தளம் முழுக்க.

ஆகா, மாட்டினார்கள். பயத்துக்கு முன்னால் அவருக்கு வந்தது அந்த நினைப்புதான். பின்வாசல் வழியாக ஆட்களை ஏற்றிவிட்டான். இப்போது பிடிக்காவிட்டால் கையெழுத்து நம் கழுத்துக்கு வரும். இரண்டிரண்டு படியாக ஏறினார். பாதியிலேயே வாடை அடித்தது: தலைக்கு வைத்த எண்ணெய், மூடி திறக்காத டிபன் டப்பா, பல நாள் மாற்றாத சட்டை, எல்லாவற்றுக்கும் அடியில் ஈரச் சுவரின் புழுக்கம்.

கதவைத் தள்ளினார்.

யாரும் இல்லை.

முப்பத்தாறு நாற்காலிகளும் பின்னால் தள்ளப்பட்டிருந்தன. ஒரே அளவு. ஒரு முழம். ஆள் எழுந்து நிற்க எவ்வளவு இடம் வேண்டுமோ அவ்வளவு.

வகுப்பில் வாத்தியார் நுழைந்ததும் விழுமே, அந்த அமைதி.

"யாரு?"

மூச்சு அடக்கிய கனம் மட்டும். முப்பத்திரண்டு வருஷமாக எந்த வாசலில் நின்று எதற்காக ஏங்கினாரோ, அது இப்போது அவர் முன்னால் நின்றது. நின்றுகொண்டே இருந்தது. அவர் சொல்லட்டும் என்று.

காலைப் பின்னால் எடுக்கப் பார்த்தார். கால் வரவில்லை. வாய்தான் திறந்தது. எத்தனையோ ராத்திரி படுக்கையில் சொல்லிப் பார்த்த வார்த்தை.

"உக்காருங்க."

நாற்காலிகள் முன்னால் நகர்ந்தன. ஸ்பிரிங்குகள் முனகின. இருக்கைகள் அமுங்கின. ஒவ்வொன்றாக. முப்பத்தாறும்.

பிறகு கண்ணாடித் தடுப்புக்குப் பின்னால் ஒரு அசைவு.

முப்பத்தேழாவது.

தூசி விலகியது. துணியால் துடைப்பதுபோல. ஒரு இழுப்பு. இன்னொரு இழுப்பு. கைப்பிடி. சாய்மானம். இருக்கை, இரண்டு தடவை, பவ்வியமாக.

நாற்காலி மெல்ல அவர் பக்கம் திரும்பியது.

ஒரு முழம் பின்னால் நகர்ந்து, நின்றது.