அவிழாத முடிச்சுகள்

காலையில் நண்டுத் தொட்டியில் மூன்று கயிறுகள் மிதந்தன. நண்டு இல்லை, கயிறு மட்டும். முடிச்சு அறுபடவும் இல்லை, அவிழவும் இல்லை. நேற்றுச் சாயங்காலம் கொடுக்கை மடக்கி குப்பாயி எப்படிக் கட்டினாளோ அப்படியே, உள்ளே இருந்ததை மட்டும் உருவி எடுத்ததுபோல வட்டமாகக் கிடந்தன. அவற்றை எடுத்து முந்தானையில் முடிந்துகொண்டாள். இது நான்காவது நாள்.

புதுவாயல் கூட்டுரோட்டுக்குப் பின்னால், இரும்புக் கம்பெனிகளுக்கு நடுவே ஜன்னலில்லாத ஷெட் அது. பழவேற்காட்டு நண்டை உயிரோடு வெளிநாட்டுக்கு அனுப்புகிறார்கள். கடல் தண்ணீர் டேங்கர் லாரியில் வரும். தண்ணீரை வடிகட்டவென்று போன மாதம் கடலோரத்து அலைத்தடுப்பிலிருந்து ஒரு லோடு கருங்கல் வந்தது. பாசியும் சிப்பியும் ஒட்டியிருந்த கல்லைக் கழுவக்கூட இல்லை, அப்படியே பக்கத்துத் தொட்டியில் கொட்டினார்கள். இரண்டு தொட்டிக்கும் நடுவே கை நுழைகிற அளவில் ஒரு குழாய்.

சூப்பர்வைசர் பரணிதரன் கேலியாகத்தான் ஆரம்பித்தான்.

"இன்னா குப்பாயி, நண்டு கயித்த கழட்டி வச்சிட்டு பஸ்சு ஏறி ஊருக்குப் பூடுச்சா?"

"நா எடுக்கல சார்."

"அப்ப யாரு எடுத்தது? சாயங்காலத்துக்குள்ள எனக்குத் தெரியணும். இல்லாங்காட்டி நாளைலேர்ந்து வராத."

அவளுக்கு அழுகை வரவில்லை, கோபமும் வரவில்லை. கொஞ்ச காலமாகவே, வரவேண்டிய இடத்தில் எதுவும் வருவதில்லை. பத்து வருஷம் இறால் கம்பெனியில் ஐஸுக்குள் கைவிட்டு உரித்ததில் முதலில் விரல்கள் மரத்தன, பிறகு முழங்கை வரை. போன வாரம் தோசைக்கல்லில் கை பட்டது கருகல் நாற்றம் வந்த பிறகுதான் தெரிந்தது. வலது மணிக்கட்டில் அம்மன் கோயில் காப்புக் கயிறு மட்டும் இல்லையென்றால் அது யாருடைய கையோ என்றிருக்கும். மரத்த கைக்கு நண்டு கட்டும் வேலை தரமாட்டார்கள். வேறு வேலையும் அவளுக்குக் கிடையாது. ஆகவே யாரிடமும் சொல்லாமல், கண்ணால் பார்த்துப் பார்த்து முடிச்சு போட்டு வந்தாள்.

மத்தியானம் கரண்ட் போனது. தொட்டிக்குக் காற்று ஊதும் மோட்டார் இழுத்து இழுத்து நின்றது. இருட்டில் உப்பு வாடையும் பாசி வாடையும் எழும்பின. அவற்றுக்கு அடியில், மோட்டார் இத்தனை நாள் மறைத்து வைத்திருந்த ஒரு சத்தம். கல் தொட்டிப் பக்கம். ஒரு வாய் திறந்து, மூடி, திறந்து, மூடி. ஈரமாக, அவசரமே இல்லாமல்.

"கேக்குதாக்கா?" என்றாள் கூட வேலை செய்யும் கிரேஸ்.

"அஞ்சாலைடி."

கல்லோரம் தூண்டில் போடுகிற ஆண்கள் அந்த மீனைப் பற்றிச் சொல்லக் கேட்டிருக்கிறாள். விலாங்கு மாதிரி நீளம், செதில் கிடையாது, வழவழப்பு. உடம்பைக் கல்லிடுக்கில் வைத்துக்கொண்டு தலையை மட்டும் நீட்டும். வாயைத் திறந்து திறந்து மூடுவது கடிக்க அல்ல, மூச்சுக்கு. கண் மங்கல், மோப்பம்தான் அதற்கு எல்லாம். தொண்டைக்குள் அதற்கு இன்னொரு வாய் உண்டு. முதல் வாய் பிடித்துக்கொள்ளும். உள்வாய் முன்னால் வந்து கவ்வி, விழுங்கப் பின்னால் இழுக்கும்.

"அது பகல்ல கல்ல வுட்டு வராது. கொழாய்க்குள்ள நண்டு ஓடு கெடக்கும். அத்த சாருக்கு காட்டிட்டா போதும்."

"கைய வுடாதக்கா. கழி எடுத்தாரேன்."

"கழிக்கு இன்னா தெரியும்?"

பறிக்கூடையைப் பல்லில் கடித்துக்கொண்டு, பழவேற்காட்டு ஏரிச் சேற்றைக் கையால் தடவியே இறால் பிடித்து வளர்ந்தவள். இருட்டென்றால் முதலில் கைதான் போகும். அந்தக் கை செத்துப்போனது அந்த ஒரு நிமிஷம் அவளுக்கு மறந்துவிட்டது.

குழாய்க்குள் வலது கையை முழங்கை வரை விட்டாள். தடவினாள்.

ஒன்றுமில்லை.

"காலிதான்டி," என்றாள். நிம்மதியாகக்கூட இருந்தது.

பிறகுதான் கவனித்தாள். சத்தம் நின்றிருந்தது.

கையை எடுக்கப் பார்த்தாள். வரவில்லை. வலி இல்லை. தோள் மட்டும் லேசாக முன்னால் போனது. நின்றது. மறுபடி போனது.

உள்வாய்.

"அக்கா, இன்னாக்கா நாத்தம் இது?"

இரும்பு வாடை. கம்பெனிகளிலிருந்து வருவதல்ல.

தோள் மறுபடி போனது.

கரண்ட் வந்தது. விளக்கு எரிந்தது, மோட்டார் உறுமியது. கொடுக்கு கட்டிய நண்டுகள் எல்லாம் எதிர்மூலையில் ஒன்றன்மேல் ஒன்றாக ஏறிக் கிடந்தன. குழாயின் வாயைச் சுற்றித் தண்ணீர் சிவந்திருந்தது. கிரேஸ் அலறினாள். அலறல் எங்கேயோ தூரத்தில் கேட்டது.

குப்பாயி இன்னும் கையை வெளியே எடுக்கவில்லை. குழாயிலிருந்து சின்னதாக ஏதோ மிதந்து வந்தது. அவளுடைய காப்புக் கயிறு. வட்டமாக, முடிச்சு அவிழாமல்.