நாலாவது நாற்காலிக்கும் சீட்டு

டயாலிசிஸ் பிரிவுக்குள் நுழைந்ததும் முதலில் எடை பார்க்க வேண்டும். டெய்லரம்மா செருப்பைக் கழற்றிவிட்டு மெஷினில் ஏறி நின்றாள். இரண்டு நாளில் இரண்டரை கிலோ கூடியிருந்தது. அவ்வளவும் தண்ணீர்.

"என்னம்மா, குடத்தோட குடிச்சீங்களா?" என்றாள் நர்ஸ்.

"குடத்தையும் சேர்த்துத்தான் சிஸ்டர்."

வாரத்துக்கு மூன்று நாள், பகல் பன்னிரண்டிலிருந்து நாலு மணி வரை, ஐந்து வருஷமாக இப்படித்தான். கடையில் இரண்டு தையல் மெஷின், இங்கே ஒரு மெஷின். அங்கே துணியை அவள் ஓட்டுகிறாள், இங்கே அவள் ரத்தத்தை அது ஓட்டுகிறது. சாவைப் பற்றி யாராவது உருக்கமாக ஆரம்பித்தால் அவளுக்குப் பற்றிக்கொண்டு வரும். "எனக்கு இருநூறு யூனிஃபார்ம் பாக்கி கிடக்கு, அதை யார் தைப்பா?" என்று கேட்டு வாயை அடைத்துவிடுவாள்.

ஜன்னலோர மூலையில் நான்கு சாய்வு நாற்காலிகள், இரண்டுக்கு இரண்டு எதிரெதிராக. நடுவில் சக்கரம் வைத்த மேஜை. அவளுக்கு எதிரே ஓய்வுபெற்ற கணக்கு வாத்தியார். அவருக்குப் பக்கத்தில் பஸ் டிரைவர், முப்பத்திரண்டு வயது. அவனுக்கு அடுத்த வாரம் ஆபரேஷன். கூடப் பிறந்த அக்கா ஒரு கிட்னி கொடுக்கிறாள். அந்த மூலையிலிருந்து பிழைத்து வெளியே போக வழி கிடைத்தவன் அவன் ஒருவன்தான். அதனால் எல்லாருக்கும் அவன் செல்லப்பிள்ளை.

டெய்லரம்மாவுக்கு வலப்பக்கத்து நாற்காலி ஒரு வாரமாகக் காலி. அது பேக்கரிக்காரருடையது.

சீட்டாட்டத்தைக் கொண்டுவந்தவன் டிரைவர். ஒன்று முதல் நூறு வரை நம்பர் போட்ட சீட்டுகள். முதல் சுற்றில் ஆளுக்கு ஒன்று, இரண்டாவதில் இரண்டு, இப்படியே எட்டு சுற்று. எல்லார் கையிலும் இருப்பதைச் சின்ன நம்பரிலிருந்து பெரிய நம்பராக வரிசை தப்பாமல் மேஜையில் வைத்து முடிக்க வேண்டும். ஆனால் வாயைத் திறக்கக் கூடாது, கண் ஜாடையும் கூடாது. அடுத்தவர் எவ்வளவு நேரம் காத்திருக்கிறார் என்பதை வைத்தே அவர் கையில் இருப்பதை ஊகிக்க வேண்டும். வரிசை தப்பினால் ஒரு சான்ஸ் போய்விடும். இருப்பது மூன்று சான்ஸ். ஜெயித்தால் எல்லாரும் ஜெயிப்பார்கள், தோற்றால் எல்லாரும் தோற்பார்கள்.

ஊசி ஏறிய கை அசையக் கூடாது என்பதால், சீட்டுகளை அட்டையில் துணி கிளிப் மாட்டி நிறுத்தி வைத்து ஒற்றைக் கையால் ஆடுவார்கள். அந்த யோசனை டெய்லரம்மாவுடையது.

ஆட்டத்தில் சூரர் பேக்கரிக்காரர். முப்பது வருஷம் அடுப்பின் முன்னால் நின்றவர். கதவைத் திறக்காமலே ரொட்டி வெந்ததைச் சொல்லிவிடுவார். "நம்பரைப் பாத்து ஆடாதீங்க. உள்ளுக்குள்ள 'இப்ப'ன்னு ஒண்ணு வரும். அது வந்ததும் வைங்க," என்பார்.

அவர் கடைசியாக வந்த அன்று ஆறாவது சுற்று. அவர் சீட்டை எடுத்து, சிரித்த முகத்தோடு கையை நீட்டினார். வைக்கவில்லை. மூன்று பேரும் காத்திருந்தார்கள். பெரிய நம்பர் போலிருக்கிறது, மனுஷன் என்ன பொறுமை என்று வியந்தபடி, பேசக் கூடாது என்ற ஒரே காரணத்துக்காக வாயை மூடிக்கொண்டு காத்திருந்தார்கள். மெஷின் அலறி, நர்ஸ் ஓடி வந்து பார்த்தபோது எல்லாம் முடிந்திருந்தது.

அதை மூன்று பேரும் அதற்குப் பிறகு பேசவே இல்லை.

அடுத்த முறை டிரைவர் பழக்க தோஷத்தில் நாலு பேருக்குச் சீட்டுப் போட்டுவிட்டான். காலி நாற்காலியின் பலகையில் ஆறு சீட்டுகள் கவிழ்ந்து கிடந்தன. எடுக்க யாருக்கும் மனம் வரவில்லை. "இருக்கட்டும்," என்றார் வாத்தியார். ஆட்டம் தொடங்கியது. ஓரிடத்தில் மூன்று பேரும் ஒரே நேரத்தில் தயங்கினார்கள். டெய்லரம்மாவின் கையில் முப்பத்தொன்று இருந்தது. வைக்கலாம். ஆனால் அவளுக்கு முன்னால் வைக்க வேண்டியவர் யாரோ இருப்பது அவளுக்கு நிச்சயமாகத் தெரிந்தது. கையை நீட்டி நாலாவது நாற்காலியின் மேல் சீட்டைத் திருப்பினாள்.

இருபத்தொன்பது.

அன்று ஆறாவது சுற்றைத் தாண்டினார்கள். அடுத்த முறை ஏழாவதையும் தாண்டினார்கள். அவர் சீட்டைத் திருப்புவது அவள் வேலை என்றாகிவிட்டது. பயமாக இல்லையா என்றால், இல்லை. நல்ல மனுஷர், கூட இருந்துவிட்டுப் போகட்டும் என்றுதான் தோன்றியது.

இன்று எட்டாவது சுற்று. மீதி இருப்பது ஒரே ஒரு சான்ஸ்.

"ஜெயிச்சிட்டா அண்ணனுக்கு ஒரு மரியாதை பண்ணின மாதிரிக்கா," என்றான் டிரைவர், சீட்டைக் கலைத்துக்கொண்டே.

ஆளுக்கு எட்டுச் சீட்டுகள். வெளியே வெயில் கொளுத்திக்கொண்டிருந்தது. உள்ளே திரைச்சீலை வழியாக மங்கலான வெளிச்சம். மெஷின்கள் ஒரே சீராக உருண்டுகொண்டிருந்தன. வழக்கமான புளித்த மருந்து நெடி. நான்கு, ஒன்பது, பதினொன்று. கைகள் தயங்கவே இல்லை. பதினாறு, இருபது, இருபத்திரண்டு. இத்தனை வேகமாக அவர்கள் ஒரு நாளும் ஆடியதில்லை.

முப்பதைத் தாண்டியபோது நெடி மாறியது. சூடான ரொட்டி வாசனை வந்தது.

டெய்லரம்மா நிமிர்ந்து பார்த்தாள். யாரும் எதுவும் சாப்பிடவில்லை. அடுத்தது அவர் சீட்டு என்று மனசுக்குள் பட்டது. கையை நீட்டினாள்.

சீட்டு ஏற்கனவே திரும்பியிருந்தது.

ஏசி காற்றாக இருக்கும் என்று சமாதானம் சொல்லிக்கொண்டாள். அடுத்த முறை அவள் கையை நீட்டவே இல்லை. நாற்பத்தாறு தானாகப் புரண்டு மேஜைக்கு நகர்ந்தது. வாத்தியார் அதைப் பார்த்தார். பார்த்துவிட்டு நாற்பத்தொன்பதை வைத்தார். முகத்தில் ஒரு சலனமும் இல்லை.

ஐம்பத்து மூன்று. ஐம்பத்தேழு.

டிரைவர் ஒரு சீட்டை எடுத்துக் கையை நீட்டினான். அவன் முகத்தில் ஒரு சிரிப்பு இருந்தது.

அந்தச் சிரிப்பை அவள் பார்த்திருக்கிறாள்.

உதடு வெளுத்துக்கொண்டே போனது. கண் சீட்டைப் பார்க்கவில்லை, எதிரே இருந்த நாலாவது நாற்காலியைப் பார்த்துக்கொண்டிருந்தது. வாத்தியாரைப் பார்த்தாள். அவரும் சிரித்துக்கொண்டிருந்தார்.

தன் கன்னம் இழுபடுவதை அப்போதுதான் உணர்ந்தாள்.

அவள் சிரிக்கவில்லை. ஆனால் அவள் வாய் சிரித்துக்கொண்டிருந்தது.

நாலாவது ஆள் என்ன நினைக்கிறார் என்பது அவளுக்குத் தெளிவாகப் புரிந்தது. இத்தனை மாதம் பேசாமல் ஆடி ஆடிப் பழகிய புரிதல் அது. அவருக்குக் கோபம் இல்லை, வன்மமும் இல்லை. கடையைப் பாதி சாத்திவிட்டு, கூட வேலை செய்தவர்களுக்காக வாசலில் நிற்கிறவரைப் போல நின்றுகொண்டிருந்தார். கையில் உள்ளதை முடித்துவிட்டு வாருங்கள், எல்லாருமாகச் சேர்ந்தே கிளம்பலாம். அவ்வளவுதான் அவர் ஆசை. அந்தப் பாசம்தான் அவளுக்குக் குலை நடுக்கத்தைக் கொடுத்தது.

ஜெயித்தால் எல்லாரும் போக வேண்டியதுதான்.

டெய்லரம்மாவுக்கு வந்தது பாருங்கள் ஒரு கோபம்! ஐந்து வருஷம் ஊசியும் குழாயுமாகக் கிடந்து, ஒரு வாய்த் தண்ணீருக்குக் கணக்குப் பார்த்து உயிரைப் பிடித்து வைத்திருப்பது, கடைசியில் ஒரு சீட்டாட்டத்தில் ஜெயித்துச் சாவதற்கா? இந்தப் பையனுக்காக ஒருத்தி உடம்பை அறுத்துக்கொள்ளத் தயாராக நிற்கிறாள். அவனையுமா?

தோற்க வேண்டும். இந்தக் கணமே தோற்க வேண்டும்.

அவள் அட்டையில் இரண்டு சீட்டுகள் மீதி இருந்தன, அறுபத்து மூன்றும் தொண்ணூற்றொன்றும். தொண்ணூற்றொன்றை எடுக்கக் கையைக் கொண்டுபோனாள். விரல்கள் அறுபத்து மூன்றின் மேல் போய் நின்றன. மறுபடியும் முயன்றாள். மறுபடியும் அறுபத்து மூன்று.

உள்ளுக்குள் யாரோ மிகவும் மென்மையாகச் சொன்னார்கள்.

இப்ப.

"மாட்டேன்," என்று சொல்லப் பார்த்தாள். நாக்கு ஒட்டிக்கொண்டது.

கை பேச்சைக் கேட்கவில்லை என்றால் என்ன, பல் இருக்கிறதே! குனிந்தாள். ஊசி ஏறிய கை சுரீரென்று வலித்தது. தொண்ணூற்றொன்றைக் கிளிப்போடு கடித்து இழுத்து மேஜையின் நடுவில் துப்பினாள்.

"தோத்தாச்சு!" குரல் கிழிந்து வந்தது. "தோத்தாச்சு, எல்லாரும் தோத்தாச்சு! சிஸ்டர்! ஓடி வாங்க, டிரைவருக்கு பி.பி. பாருங்க!"

நர்ஸ் ஓடி வந்தாள். பி.பி. எழுபதுக்கு நாற்பது. நாற்காலியைச் சாய்த்துக் காலை உயர்த்தினார்கள், சலைன் ஓட விட்டார்கள். டிரைவர் இருமினான். கையிலிருந்த அறுபத்தெட்டு நழுவித் தரையில் விழுந்தது. சிரிப்புப் போய் முகம் அவன் முகமாக மாறியது.

"ஏங்க்கா கெடுத்தீங்க?" என்றான் அழுகிற குரலில். "இன்னும் கொஞ்சம்தானே இருந்துச்சு."

"அந்தக் கொஞ்சம்தான் தம்பி எனக்குப் பிடிக்கல."

வாத்தியார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே இருந்தார். "அன்னிக்கும் நாம இப்படிக் கத்தியிருக்கணும் டெய்லரம்மா," என்றார்.

அவள் காலி நாற்காலியின் பக்கம் திரும்பினாள். நர்ஸ் என்ன நினைத்தாலும் அவளுக்குக் கவலையில்லை.

"அண்ணே, அன்னிக்கு நாங்க வாயைத் தொறக்காதது தப்புதான். அதுக்கு என்னை எவ்வளவு வேணாலும் திட்டிக்கோங்க, வாங்கிக்கறேன். ஆனா இந்தப் பிள்ளையைக் கூப்பிடாதீங்க. என்னையும் கூப்பிடாதீங்க, எனக்கு ஆயிரம் வேலை கிடக்கு. உங்க மேல பாசம் இல்லாம இல்ல. ஆனா நாங்க வர்றதா இல்ல."

ரொட்டி வாசனை கருகல் நெடியாக மாறி மூக்கில் ஏறியது. பிறகு அதுவும் அடங்கி, பழைய மருந்து நெடி வந்தது. அந்த நெடி அவளுக்கு அன்றுதான் இனித்தது.

அடுத்த வாரம் டிரைவருக்கு ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. அக்காவும் சுகம், தம்பியும் சுகம் என்று சேதி வந்த அன்று வாத்தியார் வார்டு முழுக்கக் கேட்கிற மாதிரி கை தட்டினார். அந்த மூலையில் இப்போது சீட்டாட்டம் கிடையாது. டெய்லரம்மா நாலு மணி நேரமும் பேசிக்கொண்டே இருப்பாள். "மெஷின் சத்தமே பரவாயில்லையே," என்று நர்ஸ் கிண்டல் செய்தாலும் நிறுத்துவதில்லை.

ஆபரேஷன் முடிந்த ஐந்தாம் நாள் சாயங்காலம், அவள் கடையில் காலர் தைத்துக்கொண்டிருந்தபோது போன் அடித்தது. டிரைவர்தான்.

"அக்கா, இன்னிக்கு மூணு டம்ளர் தண்ணி குடிச்சேன்க்கா!"

"அடி சக்கை! எப்படி இருந்துச்சு?"

"தேனு மாதிரி. ஆனா தனி ரூம்ல போட்டுட்டாங்க. இன்ஃபெக்‌ஷன் வரக் கூடாதாம். எங்க அக்காவே கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நின்னு கைய ஆட்டிட்டுப் போறாங்க."

"பாவம், பேச்சுத் துணைக்குக்கூட ஆள் இல்லாம போர் அடிக்குமே."

"அதெல்லாம் இல்லக்கா. கூட ஒருத்தர் இருக்காரு. பேச மாட்டாரு, அவ்வளவுதான். ஆனா அவரு என்ன நெனைக்கிறாருன்னு எனக்கு நல்லாவே புரியுது."

மெஷின் மிதியில் இருந்த அவள் கால் நின்றது.

"தம்பி, பேசறத நிறுத்தாதே. நிறுத்தாம எதையாவது பேசு."

"என்னத்தக்கா பேசறது? தூக்கம் தூக்கமா வருது..."

"எண்ணு. சத்தமா எண்ணு. நான் ஒண்ணு, நீ ரெண்டு. ஒருத்தர் விட்டு ஒருத்தர். நூறு வந்தா மறுபடியும் ஒண்ணுல இருந்து. ஒண்ணு!"

"ரெண்டு..."

"மூணு! சிஸ்டரைக் கூப்பிட பட்டன் இருக்கும் பாரு, அதை அமுக்கு. சொல்லு!"

"அமுக்கிட்டேன்க்கா. நாலு."

போனை ஸ்பீக்கரில் போட்டாள். சார்ஜரைச் செருகினாள். நாற்காலியை இழுத்துப் போட்டு நிமிர்ந்து உட்கார்ந்தாள். நாலு மணி நேரம் ஒரே இடத்தில் உட்காருவது அவளுக்கு ஒன்றும் புதிதல்ல. பத்து வந்தது, இருபது வந்தது. அவன் குரல் கொஞ்சம் கொஞ்சமாகத் தெளிந்தது.

"முப்பத்தொண்ணு!" என்றாள்.

"முப்பத்திரண்டு."

தெளிவான, நிதானமான குரல். அதன் பின்னால், கொஞ்சம் தள்ளி, டிரைவர் மூச்சை இழுப்பது கேட்டது.

"அக்கா," என்றான் அவன், மிகவும் மெல்ல. "நான் இன்னும் சொல்லலையே."

டெய்லரம்மா மேஜையின் விளிம்பை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள்.

"தெரியும்," என்றாள். "சத்தமா ஆடறதா இருந்தா அவரும் ஆடட்டும். முப்பத்திமூணு! ம், நீ சொல்லு தம்பி. அவருக்கு முன்னால நீ சொல்லு."