ரெண்டு வார்த்தை நடிகர்

நெஞ்சு ஆபரேஷனுக்கு அப்புறம் மாடிப்படி ஏறக் கூடாதுன்னு டாக்டர் சொல்லிட்டார். அதனாலதான் என் மச்சான் செத்துப்போய்க் காலியாக் கிடந்த இந்தத் தரைவீட்டுக்குக் குடிவந்தோம். இல்லேன்னா இவன் வாசல்ல காலெடுத்து வெச்சிருப்பேனா?

மச்சான்னா, என் மனைவியோட அண்ணன். தையல்காரன். ஒரு காலத்துல சினிமாக்காரங்க இந்த வீட்டுக் கதவு பிடிச்சுப்போய்ப் படம் எடுக்க வந்தாங்க. கதவோட இவனையும் சேர்த்துப் பிடிச்சுட்டாங்க. கதாநாயகன் தட்டுவான், இவன் திறந்து, "ஐயா இல்லீங்க"ன்னு சொல்லணும். அவ்வளவுதான் வேஷம். அதுக்கப்புறம் அவனுக்குத் தலைகால் புரியலை. கல்யாண வீடோ, கடைத்தெருவோ, யார் கேட்டாலும் கையைக் கட்டிக்கிட்டு, தலையைக் குனிஞ்சு, "ஐயா இல்லீங்க." ஊரே கைதட்டும். எனக்குப் பத்திக்கிட்டு வரும். எனக்குத் தைச்ச சட்டையில ஒரு கை நீளம், ஒரு கை குட்டை. இதுல நடிகராம், மண்ணாங்கட்டி.

வந்த மறுநாள் மத்தியானம் கட்டில்ல படுத்திருந்தேன். மின்விசிறி சத்தத்தைத் தவிர வீட்டுல ஒரு அரவமும் இல்லை. யாரோ கதவைத் தட்டினாங்க. மெதுவா. நான் எழுந்திரிக்கிறதுக்குள்ள முன்னறையில குரல் கேட்டுச்சு.

"ஐயா இல்லீங்க."

தையல் மிஷின் எண்ணெய் வாசனை குப்புன்னு வந்துச்சு.

மச்சான் குரலேதான். எனக்கு எரிச்சல்தான் வந்துச்சு. செத்தும் திருந்தலையே இந்த ஜென்மம்!

தினம் மத்தியானம் இதே கூத்து. என்னைப் பார்க்க வர்றவங்களை உன் அண்ணன் விரட்டுறான்னு மனைவிகிட்ட எரிஞ்சு விழுந்தேன். அவ முகம் வெளுத்துப்போச்சு. முந்தின நாள் தட்டுற சத்தம் கேட்டப்போ அவ தெருவுலதான் நின்னுக்கிட்டு இருந்தாளாம்.

"வாசல்ல யாருமே இல்லீங்க"ன்னா. "அண்ணன் எதையோ உங்ககிட்ட வரவிடாம திருப்பி அனுப்புறாரு. வாயை வெச்சுக்கிட்டு சும்மா இருங்க."

சும்மா இருக்கிற ஆளா நான்? மறுநாள் குரல் கேட்டதும் முன்னறைக்கே போய் நின்னேன்.

"ஏண்டா, செத்தும் அதே ரெண்டு வார்த்தைதானா? உனக்கு வேற வசனமே வராதா?"

அவன் வாயை அடைச்சுட்டேன்னு சந்தோஷமாப் போய்ப் படுத்தேன்.

இன்னிக்கு மத்தியானம் தட்டுற சத்தம் கேட்டுச்சு.

குரல் வரலை.

மறுபடி தட்டல். எண்ணெய் வாசனை. தாழ்ப்பாள் விலகுற சத்தம்.

"இருக்காருங்க. உள்ள வாங்க."

பிசிறில்லாமச் சொன்னான், பாவி.

நெஞ்சு வலிக்குதுன்னதும் மனைவி டாக்டரைக் கூப்பிட ஓடியிருக்கா. கட்டிலோரத்து நாற்காலி காலியாத்தான் இருக்கு. ஆனா அதுல யாரோ உட்கார்ந்த மாதிரி கிரீச்சுன்னுச்சு. இப்போ கொஞ்சம் கொஞ்சமா என் பக்கம் நகருது.

நான் கையைக் கட்டிக்கிட்டு, தலையைக் குனிஞ்சு, "ஐயா இல்லீங்க, ஐயா இல்லீங்க"ன்னு சொல்லிக்கிட்டே இருக்கேன்.

எத்தனை தடவை சொன்னாலும் மச்சான் சொன்ன மாதிரி வரமாட்டேங்குது.