கேட்பவர் கழுத்தில் மணி

ஜெனோவா கடைசிச் சரணத்தை முடித்துத் தலையை நிமிர்த்தியபோது மேடைக்கு மேலே இருந்த வளைவு வெளிறிய மஞ்சளில் கிடந்தது. கைதட்டலும் அதற்கேற்ற மாதிரிதான் வந்தது, கடனே என்று.

பின்னறையில் காங்கேயன் நகத்தைக் கடித்துக்கொண்டு நின்றான். அவளை மேடையேற்றும் நிறுவனத்தின் மேலாளர் அவன், சென்னைப் பிள்ளை.

"அக்கா, திருச்சியிலயும் மஞ்சள், மதுரையிலயும் மஞ்சள். அடுத்தது உங்க ஊரு. தூத்துக்குடியில வளைவு சிவக்கலன்னா உங்க மேடை உரிமத்தைப் புதுப்பிக்க மாட்டாங்க. அப்புறம் நீங்க பாத்ரூம்லதான் பாடணும்."

"நா நல்லா பாடலியாப்பா?"

"பாட்டு யாருக்கு வேணும்க்கா? நெஞ்சுல இல்லையே!"

இந்தக் கூத்துக்கு விதை போட்டவர்கள் பாடகர்களேதான். யார் குரலிலும் எந்தப் பாட்டையும் இயந்திரங்கள் பாடத் தொடங்கியதும், "நாங்கள் நெஞ்சில் உணர்ந்து பாடுகிறோம், அது பாடுமா?" என்று ஜம்பமாகக் கேட்டார்கள். வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்திருக்கலாம். அப்படியா, எங்கே காட்டு என்றது உலகம். வந்து சேர்ந்தது மெய்மணி. தொண்டைக்குழியில் ஒட்டிக்கொள்ளும், புளியங்கொட்டை அளவு. நாடியையும் நரம்பையும் வியர்வையையும் படித்து, வாயில் வரும் சொல்லானாலும் காதில் விழும் சொல்லானாலும் அதற்குரிய உணர்ச்சி அந்த நெஞ்சில் இருக்கிறதா என்று நிறத்தில் சொல்லிவிடும். இருந்தால் சிவப்பு, அரைகுறை என்றால் மஞ்சள், இல்லவே இல்லையென்றால் சாம்பல். மேடை வளைவு அதைப் பெரிதாக்கி ஊருக்கே காட்டும்.

அது மேடையோடு நின்றதா? மாப்பிள்ளை கழுத்துக்கு வந்தது. துக்கம் கேட்க வருகிறவர் கழுத்துக்கு வந்தது. கோபித்துக்கொண்டு போன மனைவியை அழைக்கப் போகும் ஆண்கள் அதைக் கண்டாலே நடுங்கினார்கள். சட்டமன்றத்துக்கு மட்டும் விலக்கு. அந்த ஒரு தீர்மானத்தை எல்லாக் கட்சியும் சேர்ந்து நிறைவேற்றின.

பாட்டு நிறுவனங்கள் மனமுறிவுப் பிரிவு என்று ஒன்றையே திறந்துவிட்டன. பாடகிக்கு ஒரு காதலனை அமர்த்துவார்கள். நன்றாகப் பழகுவான், கல்யாணம் வரை பேசுவான், புதுப்பாட்டு வெளிவருவதற்குச் சரியாக ஒரு வாரம் இருக்கும்போது காணாமல் போவான். பாவப்பட்ட பெண்கள் அழுதுகொண்டே சிவப்பு வாங்கினார்கள்.

ஜெனோவாவுக்கு அந்தப் பிரிவின் உதவி ஒரு காலத்தில் தேவைப்படவில்லை. சின்ன வயதில் ஒரு கப்பல்காரன் நிச்சயதார்த்தம் வரை வந்துவிட்டு, சொல்லாமல் கொள்ளாமல் கரை மாறிப் போனான். அந்த வயிற்றெரிச்சலில் அவளே எழுதி அவளே மெட்டுப்போட்டுப் பாடியதுதான், 'சொல்லாமல் போனவனே, சோறு ஆறிப் போச்சே'. அந்த ஒரு பாட்டு அவளை ரங்கூன் வரை கொண்டுபோய்ப் பாட வைத்தது. மணி வந்த புதிதில் அவளுக்கு வளைவு ரத்தச் சிவப்பாய் எரியும். அப்புறம் அவள் ஒரு பெரிய தப்புச் செய்துவிட்டாள். துறைமுகத்து ஐஸ் பிளாண்டில் மெக்கானிக்காக இருந்த ரோமால்டைக் கட்டிக்கொண்டாள். அவனோடு சந்தோஷமாக வேறு இருந்து தொலைத்தாள். கப்பல்காரன் முகமே இப்போது மறந்துவிட்டது. மூக்கு மட்டும் கொஞ்சம் ஞாபகம் இருக்கிறது.

தூத்துக்குடி கச்சேரிக்கு முந்தைய நாள் மத்தியானம், ரோமால்டு ஒரு பையோடு வாசலில் நின்றான். பள்ளிக்கூடத்தில் மனப்பாடச் செய்யுள் ஒப்பிக்கிறவன் போலக் கையைப் பக்கவாட்டில் விறைப்பாக வைத்திருந்தான்.

"ஜெனோ, எனக்கு ஒன்னப் புடிக்கல. நா போறேன். என்னத் தேடாத."

ஜெனோவா மீன் கழுவிய கையோடு வந்து நின்றாள்.

"பையில என்ன இருக்கு?"

"மாத்திக் கெட்ட ஒரு சாரம்."

"ஒரு சாரத்த வச்சுக்கிட்டு எங்க போறீங்க?"

"எங்க அண்ணன் வீட்டுக்கு. ராத்திரி சாப்பாட்டுக்கு... இல்ல, சாப்பாட்டுக்கும் வரமாட்டேன்."

அவள் உள்ளே போய் மெய்மணியை எடுத்து வந்து அவன் தொண்டையில் ஒட்டினாள். "இப்பச் சொல்லுங்க."

"எனக்கு ஒன்னப் புடிக்கல," என்றான் ரோமால்டு. மணி அடுப்புச் சாம்பலாகப் போனது. ஜெனோவாவுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. சுவரைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

"சிரிக்காதட்டி. அந்தக் காங்கேயன் தம்பிதான் போன் பண்ணிச்சு. நா விட்டுட்டுப் போனா வளைவு சிவக்குமாம்."

"நா இப்ப நல்லா பாடலியா? நீங்க சொல்லுங்க."

"முன்னவிட நல்லாத்தான் பாடுத. அதுக்கு? மேட இல்லாம நீ ரெண்டு நாளு இருப்பியா? செத்துருவ. எனக்குத் தெரியாதா?"

சிரிப்பு நின்றுவிட்டது. இந்த மனுஷன் தன்னை விட்டுப் போவதற்குக்கூடத் தனக்காகத்தான் கிளம்பியிருக்கிறான் என்று அவளுக்குப் புரிந்தது. புரிந்த சூட்டிலேயே ஆத்திரம் பொங்கியது. வீட்டுக்குள் புகுந்து பிய்த்துப் போடுகிற அளவுக்கு இந்தப் புளியங்கொட்டை பெரிய கொட்டையா?

"பைய உள்ள வைங்க," என்றாள். "நாளைக்கு என் மேடைய நா பாத்துக்கிடுதேன்."

மறுநாள் மாலை கடற்கரைச் சாலை அரங்கில் உட்கார இடமில்லை. ஜெனோவா மணியை ஒட்டிக்கொண்டு, வழக்கம்போலக் கப்பல்காரனை நினைக்கப் பாடுபடாமல், 'சொல்லாமல் போனவனே' என்று எடுத்தாள். அன்று அவள் பாடிய பாட்டு இருக்கிறதே! ஒரு சுரம் பிசகவில்லை. 'ஆறிப் போச்சே' என்று இறங்குகிற இடத்தில் முன்வரிசைப் பெண்கள் முந்தானையை எடுத்தார்கள். பின்னால் யாரோ ஒரு ஆம்பிளை மூக்கை உறிஞ்சினான்.

அப்போதுதான் எவனோ அண்ணாந்து பார்த்துத் தொலைத்தான்.

"சாம்பலு! ஏ, வளைவு சாம்பலாக் கெடக்கு!"

அழுதுகொண்டிருந்தவர்கள் அத்தனை பேரும் மேலே பார்த்தார்கள். பார்த்த மாத்திரத்தில் கண்ணீர் நின்றது. முன்வரிசையில் பட்டுச் சட்டை போட்ட ஒருவர் எழுந்து, "ஏமாத்து வேல! நெஞ்சுல ஒரு மண்ணும் இல்லாம பாடுது இந்தம்மா!" என்று கத்தினார்.

ஜெனோவா பாட்டை நிறுத்தினாள். மேடை விளிம்புக்கு வந்தாள்.

"அண்ணாச்சி, ஒங்க கண்ணு ஏன் ஈரமா இருக்கு?"

அவர் அவசரமாகத் துடைத்துக்கொண்டார். "அது... பாட்டுக்கு வந்தது."

"அந்தப் பாட்ட யார் பாடுனா?"

அவர் வளைவை அண்ணாந்து பார்த்தார்.

"ஆமா, எனக்கு நெஞ்சுல ஒண்ணுமில்ல. நா நல்லா இருக்கேன். என்னக் கட்டுன மாப்ள தங்கமான ஆளு. நா மேடையில அழுதா எனக்குத் தொண்ட அடைச்சிரும், சுருதி போயிரும், ஒங்களுக்குப் பாட்டு இருக்காது. அழுறது என் வேல இல்ல, ஒங்க வேல. முப்பது வருசமா என் வேலைய நா ஒழுங்காத்தான் செஞ்சிருக்கேன்." தொண்டையிலிருந்து மணியைப் பிய்த்தாள். "ஒங்க வேலைய நீங்க செய்தீங்களான்னு பாப்போமா?"

பட்டுச் சட்டைக்காரர் சுதாரிப்பதற்குள் குனிந்து அவர் கழுத்தில் ஒட்டிவிட்டாள். முதலிலிருந்து பாடினாள். அவர் பாட்டைக் கேட்டாரா, வளைவைப் பார்த்தாரா? வளைவையேதான் பார்த்தார். அது அசல் சாம்பலில் நின்றது. வியர்த்துப்போய் மணியைக் கழற்றிப் பக்கத்து அம்மாளிடம் கொடுத்தார். அந்த அம்மாள் தீக்கங்கு மேலே விழுந்தது போல அடுத்தவர் மடியில் போட்டாள். வரிசை வரிசையாக மணி ஓடியது. வாங்கியவர் கழுத்தெல்லாம் சாம்பல்; மற்றவர்கள் நாற்காலிக்கு அடியில் குனிந்துகொண்டார்கள். ஜெனோவா நிறுத்தவேயில்லை. கடைசிச் சரணம் வரை பாடி, கும்பிட்டுவிட்டு இறங்கினாள்.

உரிமம் போய்விட்டது என்றுதான் நினைத்தாள். ஆனால் காங்கேயன் வீட்டுக்கு ஓடி வந்தான்.

"அக்கா, நாடு முழுக்க அந்தக் காட்சியைத்தான் பாக்குறாங்க! உரிமத்தை நீட்டிட்டாங்க. உங்களுக்கு என்ன வேணும் சொல்லுங்க."

ஜெயித்த மிதப்பில் ஜெனோவா யோசிக்காமல் சொன்னாள்: "இனிமே என் கழுத்துல மணி கிடையாது. கேக்க வாரவன் கழுத்துல கட்டு. நெஞ்சுல ஈரம் இல்லாதவன் என் பாட்டுக்கு வரவேண்டாம்."

காங்கேயன் கேட்டதைவிட நன்றாகவே செய்து கொடுத்தான். வாசலில் பாட்டின் முதல் அடியை ஒலிக்கவிடுவார்கள். மணி மஞ்சளானால் பின்வரிசை, சிவந்தால் முன்வரிசை, சாம்பல் என்றால் வீட்டுக்கு. ஆட்களின் சிவப்பையெல்லாம் சேர்த்து வளைவு காட்டும். முதல் கச்சேரி நடக்கும் முன்பே, அதில் இடம் பிடிப்பது பெரிய கௌரவமாகிவிட்டது. ஜனங்கள் வீட்டில் ஒத்திகை பார்த்தார்கள். மனமுறிவுப் பிரிவு இப்போது ரசிகர்களுக்கும் கதவைத் திறந்தது.

புது ஏற்பாட்டின் முதல் கச்சேரியும் அதே அரங்கில்தான். ஜெனோவா ஒலிவாங்கியைச் சரிபார்க்கும்போது முன்வரிசையிலிருந்து ஒரு பெண் கையாட்டினாள். கழுத்து மணி தகதகவென்று சிவந்திருந்தது.

"மேடம், உங்க முன்வரிசைக்காகவே போன வாரம் அவன விட்டுட்டேன்!"

"எவன?"

"கட்டிக்கப் போறவன. நல்ல பையன்தான்," என்றாள் அந்தப் பெண், பெருமையும் அழுகையுமாக.

என்ன காரியம் செய்துவைத்தோம் என்று ஜெனோவா திகைத்து நிற்கும்போதே காங்கேயன் வந்து காதைக் கடித்தான்.

"அக்கா, வாசல்ல ஒரு சின்னப் பிரச்சனை. உங்க வீட்டுக்காரரை உள்ள விட முடியல. சாம்பல் காட்டுது. பாட்டைப் போட்டா அவர் பாட்டுக்குச் சிரிச்சுக்கிட்டே நிக்கிறாரு. ரெண்டு மூணு தடவை வெச்சுப் பாத்தாச்சு. விதிமுறை உங்களோடதுதான், நான் என்ன பண்ண?"

ஜெனோவா மேடையை விட்டு இறங்கி, வரிசைகளுக்கு நடுவே நடந்து, வாசல் கதவைத் தள்ளிக்கொண்டு வெளியே போனாள். ரோமால்டு வேலை உடுப்போடு மதில் ஓரம் நின்றான். அவனைப் போலவே தள்ளப்பட்டவர்கள் பத்திருபது பேர் நின்றார்கள். கைக்குழந்தையோடு ஒரு தம்பதி, சிரித்த முகத்தோடு ரெண்டு கிழவர்கள், புதுத்தாலி மஞ்சள் மாறாத ஒரு பெண்.

"என்னட்டி, உள்ள ஆளு காத்துக் கெடக்கு, நீ இங்கன வந்து நிக்க?"

"சும்மா இருங்க," என்று சொல்லிவிட்டு, மதில்மேல் ஏறி உட்கார்ந்து பாடத் தொடங்கினாள். ஒலிவாங்கி இல்லை, வளைவு இல்லை. குழந்தை அவள் வாயையே பார்த்தது. ரோமால்டு வழக்கம்போலச் சிரித்துக்கொண்டே கேட்டான்.

கொஞ்ச நேரத்தில் காங்கேயன் மூச்சிரைக்க ஓடி வந்தான்.

"அக்கா! உள்ள வந்து பாருங்க, வளைவு செக்கச்செவேல்னு எரியுது! கதவு வழியா உங்க குரல் மட்டும் லேசாக் கேக்குது. சொல்லாம விட்டுட்டுப் போயிட்டாங்களேன்னு அத்தனை பேரும் தேம்பித் தேம்பி அழுறாங்க. பின்வரிசைகூடச் சிவப்பு! இந்த மாதிரி உண்மையான கச்சேரி இதுவரைக்கும் நடந்ததே இல்ல. அக்கா, அடுத்த ஊர்லயும் இதே மாதிரி நடுவுல எழுந்து போயிடணும், பிளீஸ்!"

"அடுத்த ஊர்ல நா உள்ளயே வரமாட்டேன், போடா."

காங்கேயனின் முகம் மலர்ந்தது. "அது இன்னும் நல்லதுக்கா!" என்று சொல்லிவிட்டுச் செய்தி சொல்ல ஓடினான்.

ஜெனோவா திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. புதுத்தாலிப் பெண் வெட்கத்தோடு, "முதல்லயிருந்து பாடுங்கக்கா, பேச்சுல பாதி விட்டுப்போச்சு," என்றாள். ஜெனோவா தொண்டையைச் செருமிக்கொண்டு முதலிலிருந்து பாடினாள்.