இரண்டு கண்ணாடிகளுக்கு நடுவே

ஜன்னலின் வெளிக்கண்ணாடியில் மூச்சுப்பனி படிந்திருந்தது. ஒரு சாண் இடைவெளியில் ஒன்றன்பின் ஒன்றாக இருந்த கண்ணாடிக் கதவுகள், உட்கதவு, வெளிக்கதவு இரண்டும் சாத்தியே இருந்தன. நடுவே, குளிர் புகாதிருக்க அலோயிஸின் மனைவி ஹெர்மினே தைத்துப் போட்ட நீளத் தலையணை மட்டும் கிடந்தது. ஆனாலும் ஒரு முகத்தின் உயரத்தில் அந்தப் பனி சுருங்கியது, விரிந்தது.

அலோயிஸ் பார்வையைத் திருப்பிக்கொண்டான்.

ஹெர்மினே இறந்த அன்று, வியன்னாவில் எல்லோரும் செய்வதுபோல, உயிர் வெளியேற அவனும் ஜன்னலைத் திறந்தான். உட்கதவை மட்டும். வெளிக்கதவு நினைவுக்கு வந்தபோது அடக்கமே முடிந்திருந்தது. அன்றிலிருந்து ஓர் எண்ணம்: அவள் நடுவில் நிற்கிறாள், மூச்சு முட்டுகிறது. திறக்கப் போனால் இன்னோர் எண்ணம்: குளிர் புகுந்து மகள் ரெசி செத்துவிடுவாள். குழந்தைக்கு ஏற்கனவே மார்ச்சளி, காய்ச்சல். தாழ்ப்பாள்வரை போவான், திரும்புவான், மறுபடி போவான்.

இப்படிப்பட்ட எண்ணங்களைப் பேசவைத்தே குணமாக்கும் டாக்டர் ஒருவரிடம் போய், சாய்மெத்தையில் படுத்தபடி எல்லாவற்றையும் சொன்னான்.

“வெளிக்கதவை நீங்க மறக்கலை,” என்றார் அவர் மெதுவாக. “அவங்க போயிடக்கூடாதுன்னு நெனச்சீங்க. இனி தாழ்ப்பாளைத் தொடாதீங்க. எண்ணம் தானா அடங்கும்.”

அன்று சாயங்காலம், கட்டடக் காவல்காரி நவோத்னி அக்கா சூப் கொண்டுவந்தாள்.

“படுத்துக்கிட்டே கதை சொல்லிட்டு வந்தாச்சா, தம்பி? நான் நின்னுக்கிட்டே கேட்டிருப்பேனே.”

சொன்னான். ஜன்னல் விஷயத்தைக் கேட்டதும் அவள் சிரிப்பு போய்விட்டது. தோளிலிருந்த சால்வையை எடுத்தாள்.

“பிள்ளைய இதுல பொத்தி வச்சுக்கறேன். ஒரு நிமிஷம் தெற. பாவம், அவ போகட்டும்.”

“வேண்டாம்க்கா. டாக்டர் தொடக்கூடாதுன்னிருக்கார்.”

அது மட்டும் காரணமில்லை என்று அவனுக்குத் தெரியும். அக்காவுக்கும் தெரிந்திருக்க வேண்டும். சால்வையை ரெசிமேல் போர்த்தி, நெற்றியில் சிலுவைக்குறி இட்டுவிட்டுப் போனாள்.

கணப்பில் கரி சரிந்து விழும் ஓசையும், குழந்தையின் மார்பில் தடவிய வாத்துக்கொழுப்பின் வாடையும், கீழே டிராம் வண்டி திரும்பும்போது கூரையில் ஊர்ந்து போகும் வெளிச்சமுமாக அறை இருட்டிக்கொண்டு வந்தது.

“அப்பா, அம்மாவுக்குத் தனியா இருக்க பயமாம்.”

“தூங்கு, கண்ணு.”

இருமல். மறுபடி இருமல். பிறகு இல்லை.

நன்றாகத் தூங்குகிறாள் என்று கர்த்தருக்கு நன்றி சொன்னான். கட்டில் பக்கம் பார்க்கவில்லை.

ஜன்னலில் ஏதோ உரசியது.

உட்கண்ணாடியின் அப்புறத்தில், இப்போது அங்கும் படிந்திருந்த பனியில், ஓர் உள்ளங்கை. ஹெர்மினேயின் கை. அதற்குக் கீழே, இப்போதுதான் பதிந்த இன்னொன்று. சின்னது.

அவன் விரல் தாழ்ப்பாளில் இருந்தது. திறந்தால் இருவரும் போய்விடுவார்கள்.

விரலை எடுத்தான். சின்னக் கையின்மேல் தன் கையை வைத்தான். கண்ணாடி வழியே இன்னும் காய்ச்சல் சுட்டது.