எரியாத துணி

அன்று கொடியில் ஒரு துணியும் இல்லை; ஆனாலும் ஈரமண் வாசனை ஜன்னல் வழியே வந்துகொண்டிருந்த அந்த மதியத்தில், கொல்லையில் யாரோ துணி உதறும் சத்தம் கேட்டது. படார். சற்று நேரம் ஒன்றுமில்லை. மறுபடியும் படார். கட்டிலில் சாய்ந்திருந்த பாய்லர் கண் விழித்தார். கடற்படைக் கப்பலின் எஞ்சின் அறையில் இருபத்திரண்டு வருஷம் வெந்தவருக்குக் கூட்டாளிகள் வைத்த பெயர் அது. இப்போது அவரால் பாலைக்கூட ஊதி ஆற்ற முடியாது. மூக்கில் குழாய், பக்கத்தில் கர்ரென்று ஓடும் ஆக்சிஜன் மெஷின், யாரையாவது கூப்பிட ஒரு டம்ளரும் ஸ்பூனும்.

அந்த உதறல் அவருக்குத் தெரியும். இரண்டு முறை உதறி, மூன்றாவது முறை சுவரில் ஓங்கி அடிப்பாள் அவர் மனைவி. அவள் போய் இரண்டு வருஷம் ஆகிறது.

நீராவிக் குழாய்களுக்குச் சுற்றும் கல்நார், அதாவது ஆஸ்பெஸ்டாஸ் துணியில் மீந்த துண்டை அவர்தான் வீட்டுக்குக் கொண்டுவந்தார். "நெருப்பே இத ஒண்ணும் பண்ணாது, இஸ்திரி மேசைக்கு விரிச்சுக்கோ" என்று பெருமை வேறு. எஞ்சின் அறை ஆட்கள் எல்லார் வீட்டிலும் அப்படி ஒரு துண்டு இருந்தது. வாரா வாரம் அவள் அதைப் பொடி பறக்க உதறினாள். கடைசியில் டாக்டர் எக்ஸ்ரேயைப் பார்த்துவிட்டு, "இவங்களும் கப்பல்ல வேலை பார்த்தாங்களா?" என்று கேட்டார். அந்தப் பொடிதான் அவள் நெஞ்சில் இறங்கியிருந்தது. பிறகு தெரிந்தது, அவருடையதிலும். மகளிடம் இன்றுவரை சொல்லவில்லை. உன் அம்மாவைக் கொன்றது நான் என்று எந்த முகத்தை வைத்துக்கொண்டு சொல்வது?

அவள் போன மறுவாரம் அந்தத் துணியில் மண்ணெண்ணெய் ஊற்றிக் கொளுத்தினார். தீ அடங்கியதும் பார்த்தால், கறையெல்லாம் போய், வெள்ளைவெளேரென்று புதுசாகக் கிடந்தது. புத்தி கெட்ட மனுஷன். எரியாது என்றுதானே கொண்டுவந்தார்! கொல்லைச் சுவரோரம் குழி தோண்டிப் புதைத்தார்.

படார்.

"அப்பா!" கொல்லையிலிருந்து மகள் குரல். "செடி வைக்கலாம்னு தோண்டினா அம்மாவோட இஸ்திரித் துணி! மண்ண உதறினதும் எவ்ளோ வெள்ளையா இருக்கு! இதப் போய் யாருப்பா புதைச்சது?"

வேண்டாம் என்றார். சத்தம் வரவில்லை. மூச்சு தொண்டைக்கு வருவதற்குள்ளேயே தீர்ந்துவிட்டது. டம்ளரைத் தட்டினார். டிங். டிங். டிங்.

"வரேன்ப்பா, பறக்காதீங்க! கை பூரா மண்ணு. குட்டிய அனுப்பறேன்."

ஸ்பூன் கைநழுவி விழுந்தது. கட்டிலுக்கு அடியில் உருண்டது. குனிய முடியவில்லை.

கதவு திறந்தது.

பேத்தி. நாலு வயசு. தலையிலிருந்து முழங்கால் வரை அந்தத் துணி.

"தாத்தா, பேய் வந்திருக்கு!"

குதித்தாள். ஜன்னல் வெயிலில் பொடி மின்னியது. போ, போ என்று கையை ஆட்டினார். தாத்தாவும் விளையாட வந்துவிட்டார் என்று அவளுக்கு ஒரே சிரிப்பு. கட்டிலில் ஏறினாள். மடியில் உட்கார்ந்தாள்.

துணியைப் பிடுங்கக் கை நீட்டினார். இழுத்தால் இன்னும் பறக்கும். கை அப்படியே நின்றது.

அவள் முகம் தெரியவில்லை. வாய் இருக்கும் இடத்தில் மட்டும் துணி உள்ளே போனது. வெளியே வந்தது.

உள்ளே போனது.