சம்மட்டி அடிக்க ஓர் ஆள்

மூக்காண்டி ஆசாரி ஓர் அடிதான் அடித்தார். பட்டறையில் இரண்டு அடி கேட்டது.

எதிரொலி என்று நினைத்துக்கொண்டார். சங்கரன்கோவிலில் அன்று பகல் முழுக்க மின்தடை. விசைத்தறிச் சத்தம் நின்றுபோனால் காது சும்மா இருக்காது, இல்லாததையெல்லாம் கேட்கும். உச்சி வெயிலில் தெருவில் ஓர் ஆடுகூட இல்லை. கையால் சுற்றி ஊதிய உலையின் கரிப்புகையும், காய்ந்த இரும்பின் நெடியும், முதுகில் வழிந்த வியர்வையும் தகரக் கூரைக்கடியில் நகராமல் நின்றன. இரும்பை வைத்து அடிக்கிற அடைகல்லில் கிடந்ததை மறுபடி தட்டினார். சுத்தியல் பட்ட அதே இடத்தில், எதிர்ப்பக்கத்திலிருந்து, கனமாக ஓர் அடி விழுந்தது. இரும்பு அமுங்கியது.

எதிரொலி இரும்பை அமுக்காது.

எதிர்ப்பக்கம் பேச்சித்தாய் நிற்கிற இடம். கல்யாணம் ஆன நாளிலிருந்து அவருக்குச் சம்மட்டி அடித்த மனைவி, போன ஐப்பசியில் காய்ச்சலில் போய்ச் சேர்ந்துவிட்டாள். அவளுடைய சம்மட்டி சுவரோரம் சாய்ந்தபடியேதான் இருந்தது. ஒருத்தருக்கு மட்டும் சோறு பொங்குவது எவ்வளவு கேவலமான வேலை என்று அவருக்கு அதற்குப் பிறகுதான் தெரிந்தது.

அடித்துக்கொண்டிருந்தது வாசுதேவநல்லூர் பிரின்ஸ் கேட்ட வாள். கம்ப்யூட்டர் விளையாட்டில், ஏதோ மாய உலகத்துக் கொல்லன் அடிக்கிற வாளாம். போனில் படத்தைக் காட்டி, "கூரு வேண்டாம் அண்ணாச்சி. பாத்தா பயமா இருக்கணும், அம்புட்டுதான்" என்றான். ஆள் உயர இரும்பு. ஒற்றை ஆளாய் ஆகாது என்று தெரிந்தும் ஒப்புக்கொண்டார். வேலை இருந்தால் பொழுது போகுமே.

இப்போது நன்றாகவே போனது. அவர் சுத்தியலால் லேசாகத் தட்டி இடம் காட்ட, காட்டிய இடத்தில் அடி இறங்கியது. தொழில் முறையே அதுதான். போதும் என்றால் வெறும் அடைகல்லில் ஒரு தட்டு, சம்மட்டி நின்றுவிடும்.

அந்தத் தட்டை மட்டும் அவர் தட்டவில்லை. நின்றுவிட்டால் மறுபடி தனியாள். வாள் நீண்டது. படத்தில் இருந்ததைவிட நீண்டது.

"ஏட்டி, நீதானா?"

அடிதான் பதில். அவருக்குக் கண் நிறைந்துவிட்டது.

பக்கத்து பைக் மெக்கானிக் ஷேக் ஃபரீத் வாசலில் வந்து நின்றான். "ஆளு வச்சிட்டியளா அண்ணாச்சி? நேத்தும் சம்மட்டிச் சத்தம் கேட்டுச்சே."

"நேத்து நான் குருவிகுளம்லா போயிருந்தேன் மக்கா. கடை பூட்டிக் கெடந்துச்சு."

"பூட்டுதான் தொங்குச்சு. சத்தம் மட்டும் உள்ள நிக்கவே இல்ல..." என்றவன் அடைகல்லைப் பார்த்தான். வண்டியை எடுத்துக்கொண்டு போய்விட்டான்.

மூக்காண்டிக்கு அப்போதுதான் உறைத்தது. அவர் இல்லாமல் பேச்சித்தாய் ஒரு நாளும் சம்மட்டியைத் தொட்டதில்லை. பார்த்துவிட வேண்டியதுதான். அவளாக இருந்தால் நிற்கும்.

வெறும் அடைகல்லில் ஒரு தட்டு தட்டினார்.

அடி விழுந்தது.

மறுபடி தட்டினார். அடி. வாளை இழுத்துக் கீழே போட்டார். வெறும் கல்லில் அடி. அடி. அடி.

அவள் இல்லை. அவர் ஏங்கிய ஏக்கத்துக்கு வேறு யாரோ வந்திருக்கிறார்கள்.

ஓடத் திரும்பினார். இடது மணிக்கட்டை ஒரு கை பிடித்தது. காய்ப்பு ஏறிய உள்ளங்கை. உலையருகிலும் சில்லென்று இருந்தது. இழுத்தார். வரவில்லை. வலது கையிலிருந்த சுத்தியலை இன்னொரு கை, அவசரமில்லாமல், விரல் விரலாகப் பிரித்து வாங்கிக்கொண்டது.

அடி நின்றது. சுவரோரம் சம்மட்டி இல்லை.

அவருடைய இடது கை அடைகல்லின் மேல் விரித்து வைக்கப்பட்டது. கல் சுட்டது. சின்னச் சுத்தியல் காற்றில் தானாக இறங்கி வந்தது. அவருடைய புறங்கையில், வலிக்காமல், ஒரு தட்டு தட்டி இடம் காட்டியது.